கடல் கடந்தவன் மனைவியும் ஷரீஅத்தும்

 

வியாபாரிக்கு வியாபாரி பேச வேண்டிய விஷயம் ஒன்றை இம்மாதம் எடுத்துக் கொண்டோம். ஆலிம் பெருமக்கள் மிம்பரில் நின்று இதைப் பல தடவை சொல்லிவிட்டார்கள். கேட்கிறோம், தலையாட்டுகிறோம். ஜும்ஆ முடிந்து கடைக் கதவைத் திறந்ததும் சரக்கு வந்ததா, பாக்கி வசூலானதா என்பதில் எல்லாம் மறந்து போகிறது. நாமோ மதரஸாவில் ஓதியதும் ஆரம்பப் பாடசாலையில் படித்ததும் தவிர வேறு கல்வி இல்லாதவர்கள். பத்வா கொடுக்கும் தகுதி நமக்கில்லை. ஆனால் பற்று எது, வரவு எது என்று பார்க்கத் தெரியும். அந்தக் கண்ணோடு நம் குடும்பச் சட்டத்தைச் சற்றே பார்ப்போம்.

அல்லாஹுத் தஆலா சூரத்துந் நிஸாவின் 129-ஆம் ஆயத்தில், மனைவியரில் ஒருத்தியின் பக்கம் முழுதும் சாய்ந்து மற்றவளை அந்தரத்தில் தொங்குபவளைப் போல் விட்டுவிடுவதைத் தடுக்கிறான். 'முஅல்லகா' என்று அங்கே வரும் சொல்லுக்குத் தொங்கவிடப்பட்டவள் என்பது பொருள். அவள் கணவனுடையவளும் அல்ல, விடுபட்டவளும் அல்ல. நம் தொழில் வழக்கில் சொன்னால், விற்றதும் ஆகாமல் திருப்பியதும் ஆகாமல், யார் கணக்கில் எழுதுவதென்று தெரியாமல் கிடங்கில் கிடக்கும் சரக்கு. சரக்கு கிடக்கலாம். அதற்குப் பசியில்லை, வயதாவதில்லை.

ஹஜ்ரத் உமர் (ரலி) அவர்கள் கலீபாவாக இருந்த காலத்தில் இரவு நகர்சோதனை போகும்போது, ஜிஹாதுக்குப் போன கணவனை நினைத்து ஒரு பெண் தனிமையில் புலம்புவதைக் கேட்டார்கள். உடனே தம் மகளார் ஹஜ்ரத் ஹப்ஸா (ரலி) அவர்களிடம் போய், ஒரு பெண் எத்தனை காலம் கணவனைப் பிரிந்து பொறுத்திருப்பாள் என்று வெட்கத்தை விட்டுக் கேட்டார்கள். நான்கு மாதம் என்றும் ஆறு மாதம் என்றும் அறிவிப்புகள் உள்ளன. அதற்கு மேல் எந்தப் போர்வீரனையும் எல்லையில் நிறுத்தி வைக்கலாகாதென்று கட்டளை பிறந்தது. கவனியுங்கள். போனவன் பணம் சம்பாதிக்கப் போகவில்லை, தீனுக்காகப் போனவன். அவனுக்கே இந்தக் கெடு.

நம் பாட்டனார் காலத்துக் கணக்கோ வேறு. நாகப்பட்டினத்தில் 'ரஜூலா' கப்பலேறிப் பினாங்கிலோ சிங்கப்பூரிலோ இறங்கினால், மூன்று வருஷத்துக்கு ஒரு தடவை ஊர் போவது பெரிய காரியம். ஐந்தாறு வருஷம் போகாதவர்களும் உண்டு. மார்க்கெட்டில் ஒரு பெஞ்சு, சாப்பாட்டுக் கடையில் பங்கு என்று ஆரம்பித்து, இங்கேயே ஒரு மலாய்ப் பெண்ணை நிக்காஹ் செய்து பிள்ளை குட்டியோடு இருந்தவர்கள் எத்தனை பேர்! இரு குடும்பத்தையும் ஒரே நீதியோடு நடத்தி, இங்குள்ள பிள்ளைக்கு ஊர்ப் பாஷையும் அங்குள்ள பிள்ளைக்கு இங்குள்ள சகோதரனையும் அறிமுகம் செய்து வைத்த நல்லவர்களை நாம் பார்த்திருக்கிறோம். அவர்களை அல்லாஹ் பொருந்திக் கொள்வானாக. மற்றவர்களையும் பார்த்திருக்கிறோம்.

நம் ஊருக்குச் சமீபத்துக் கிராமம் ஒன்றில் ஓர் அம்மாள் இருந்தார்கள். மாப்பிள்ளை துறைமுகத்தில் வேலை என்று போனவர். முதல் இரண்டு வருஷம் மணியார்டர் வந்தது. பிறகு கடிதம் மட்டும், பிறகு அதுவுமில்லை. மாமியார் வீட்டில் கேட்டால், "ஆம்பளைப் பிள்ளை, வருவான்" என்பார்கள். அண்ணன் வீட்டுக்குப் போனால் மைனியின் முகம் வாடும். பீடி சுற்றி, தைத்துக் கொடுத்து, ஒரு பெண்பிள்ளையை வளர்த்தார்கள். ஜமாஅத்தில் போய் முறையிட்டபோது, கணவன் உயிரோடிருக்கிறானா என்று தெரியாமல் நாங்கள் என்ன செய்ய முடியும் என்று கையை விரித்தார்களாம். அந்த அம்மாளுக்கு அப்போது முப்பது வயது. மவுத்தாகும்போது எழுபது கடந்துவிட்டது. காதில் கிடந்த அலிக்கத்து ஒன்றைத்தான் மாப்பிள்ளை போட்டதென்று கடைசி வரையில் கழற்றவில்லை.

ஜமாஅத்தார் கையை விரித்ததற்குக் காரணம் கல்நெஞ்சம் மட்டுமல்ல. ஹனபி மத்ஹபின் பழைய சட்டப்படி, காணாமற்போன கணவனின் வயதொத்தவர்கள் எல்லாம் இறக்கும் வரையில் மனைவி காத்திருக்க வேண்டும். அதைத் தொண்ணூறு வயது என்று கணக்கிட்டவர்களும் உண்டு. இமாம் மாலிக் (ரஹ்) அவர்களோ, ஹஜ்ரத் உமர் (ரலி) அவர்களின் தீர்ப்பைப் பின்பற்றி, காஜியிடம் முறையிட்டு நான்கு வருஷம் பார்த்து, அதன்பின் கணவன் இறந்தவனுக்குரிய இத்தாவான நான்கு மாதம் பத்து நாள் இருந்து, அவள் மறுமணம் செய்யலாம் என்றார்கள். கிதாபு ஒன்றுதான், ரஸூல் (ஸல்) ஒருவர்தான். ஆனால் ஒரு பெண் கூபாவின் வழியில் பிறந்தால் தொண்ணூறு, மதீனாவின் வழியில் பிறந்தால் நான்கு.

இதனால் விளைந்த கேட்டைக் கேளுங்கள். பஞ்சாபில் கணவனிடமிருந்து விடுபட வேறு வழி காணாத முஸ்லிம் பெண்கள் சிலர், மதம் மாறினால் நிக்காஹ் முறிந்துவிடும் என்ற சட்டத்தைப் பிடித்துக் கொண்டு, கோர்ட்டில் போய் இஸ்லாத்தை விட்டேன் என்று சொல்ல ஆரம்பித்தார்கள். அல்லாமா இக்பால் அவர்கள் தமது பிரசித்தி பெற்ற சொற்பொழிவுகளில் இதைக் குறிப்பிட்டு வருந்தியிருக்கிறார்கள். கணவனைத் துறப்பதற்கு ஈமானைத் துறக்கும் நிலைமைக்கு ஒரு பெண்ணைத் தள்ளிவிட்டு, நாம் தஹஜ்ஜுது தொழுதென்ன?

இதைத் தீர்க்க முன்வந்தவர் கோட்டும் கழுத்துப்பட்டியும் போட்ட சீர்திருத்தக்காரர் அல்ல. ஹனபி உலமாக்களில் தலைசிறந்தவராகிய மௌலானா அஷ்ரப் அலீ தானவீ (ரஹ்) அவர்கள். தமது பழைய பத்வாவையே மாற்றிக் கொண்டு, மதீனாவிலிருந்த மாலிகீ முப்திகளுக்கு எழுதிக் கேட்டு, 'அல்ஹீலத்துந் நாஜிஸா' என்ற நூலை இயற்றினார்கள். தேவை நேர்ந்த இடத்தில் மாலிகீ சட்டத்தை எடுத்துக் கொள்ளலாம் என்று அதில் வழிகாட்டினார்கள். அந்த வழியில்தான் இந்தியாவில் 1939-ஆம் வருஷத்து முஸ்லிம் திருமண ரத்துச் சட்டம் வந்தது. மத்திய சட்டசபையில் மசோதாவைக் கொண்டு வந்தவர் காஜி முஹம்மது அஹ்மது காஸ்மி.

அந்தச் சட்டம் என்ன சொல்கிறது? கணவன் நான்கு வருஷமாக எங்கிருக்கிறான் என்று தெரியாவிட்டால், அல்லது இரண்டு வருஷம் சோறு துணிக்குக் கொடுக்காவிட்டால், அல்லது தக்க காரணமின்றி மூன்று வருஷம் இல்லறக் கடமையைச் செய்யாவிட்டால், மனைவி கோர்ட்டுக்குப் போய் நிக்காஹை ரத்துச் செய்யக் கேட்கலாம். ஏழு வருஷம் அல்லது அதற்கு மேல் சிறைத் தண்டனை, கொடுமை, பைத்தியம் முதலியவற்றுக்கும் வழி உண்டு. காணாமற்போனவன் விஷயத்தில் தீர்ப்பு சொன்ன பிறகும் ஆறு மாதம் நிறுத்தி வைக்க வேண்டும். அதற்குள் அவன் தோன்றித் தன் கடமையைச் செய்யத் தயார் என்று கோர்ட்டுக்கு நம்பிக்கை உண்டாக்கினால் தீர்ப்பு ரத்தாகும். மதம் மாறுவதால் மட்டும் மனைவியின் நிக்காஹ் முறியாது என்றும் அதே சட்டத்தில் எழுதினார்கள். இப்படி முன்வாசலைத் திறந்து, அந்தத் தவறான பின்வாசலையும் அடைத்தார்கள்.

உலமாக்கள் கேட்ட ஒன்று மட்டும் கிடைக்கவில்லை. இவ்வழக்குகளை முஸ்லிம் நீதிபதியே விசாரிக்க வேண்டுமென்று கேட்டார்கள், அது நீக்கப்பட்டது. அந்தக் குறை இன்னும் நம் சிலர் நெஞ்சில் உண்டு. இருக்கட்டும். நம் கிராமத்து அம்மாளுக்கு அந்தச் சட்டம் இருந்தது, சொல்வார் இல்லை. ஜமாஅத்தார் அறியவில்லையா, அறிந்தும் சொல்லவில்லையா, நாம் விசாரிக்கப் போகவில்லை.

'ஷரீஅத்தில் கை வைப்பதா?' என்று சிலர் கேட்பது நியாயமே. குர்ஆனில் கை வைக்க எவனுக்கும் உரிமையில்லை. ஆனால் இமாம்களின் நான்கு வழிகளில் ஒன்றிலிருந்து ஒன்றை எடுப்பது வேறு, வேதத்தைத் திருத்துவது வேறு. ஒரே மூச்சில் மூன்று தலாக் சொல்லும் விஷயத்தையே பாருங்கள். நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் காலத்திலும், ஹஜ்ரத் அபூபக்கர் (ரலி) காலத்திலும், ஹஜ்ரத் உமர் (ரலி) ஆட்சியின் ஆரம்பத்திலும் அது ஒன்றாகவே எண்ணப்பட்டதென்று இப்னு அப்பாஸ் (ரலி) அவர்களின் அறிவிப்பு முஸ்லிம் ஹதீஸ் நூலில் இருக்கிறது. மக்கள் நிதானம் காட்ட வேண்டிய காரியத்தில் அவசரப்படுவதைக் கண்டுதான் ஹஜ்ரத் உமர் (ரலி) அதை மூன்றாகவே நிறைவேற்றினார்கள். நான்கு மத்ஹபு இமாம்களும் அவ்வாறே கொண்டார்கள். அன்றைக்கும் சட்டம் இறுகியது ஆண்களின் அவசரத்தால்தான். பின்னர் எகிப்தில் 1929-இல் அதை மறுபடி ஒன்றாக எண்ணச் சட்டம் செய்ததும், பாகிஸ்தானில் 1961-இல் தலாக்குக்கு எழுத்து மூலம் அறிவிப்பும் தொண்ணூறு நாள் அவகாசமும் வைத்ததும் அதே நோய்க்கு வேறு மருந்துகள்.

இந்த ஊர்களில் நடந்ததையும் சொல்ல வேண்டும். சிங்கப்பூரில் 1950-களில் முஸ்லிம் தலாக்கின் தொகை வெட்கக்கேடாக இருந்தது. நூறு நிக்காஹ் பதிவாகிற வருஷத்தில் ஐம்பதுக்குச் சமீபமாகத் தலாக்கும் பதிவாகும். காஜியிடம் போய்ச் சொல்லிப் பதிந்துவிட்டு வந்தால் முடிந்தது. வீட்டிலிருப்பவளுக்குப் பிறகுதான் தெரியும். 1952-இல் முஸ்லிம் பெண்கள் சிலர் பி.பி.ஐ.எஸ். என்ற சங்கத்தைத் தொடங்கி இதைப் பற்றிக் குரல் எழுப்பினார்கள். அவர்களில் ஒருவரான கதீஜுன் நிஸா சிராஜ் அம்மையார் பிற்காலத்தில் ஷரீஅத் கோர்ட்டிலேயே குடும்பங்களை விசாரித்துச் சமாதானம் செய்யும் முதல் பெண் ஊழியரானார். 1957-இல் முஸ்லிம்கள் சட்டம் வந்தது, 1958-இல் ஷரீஅத் கோர்ட்டு வந்தது. கணவன் மனைவி இருவரையும் உட்கார வைத்துப் பேசினார்கள். சூரத்துந் நிஸாவின் 35-ஆம் ஆயத்தில் இருபக்கத்திலிருந்தும் ஒவ்வொரு நடுவரை அனுப்பச் சொன்ன இறைவனின் ஏற்பாட்டுக்கு நாற்காலி மேஜை போட்டார்கள், அவ்வளவுதான். தலாக்கின் தொகை மளமளவென்று இறங்கியது. பின்னர் 1966-இல் முஸ்லிம் சட்ட நிர்வாகச் சட்டம் நிறைவேறி 1968-இல் அமலுக்கு வந்தது. முத்ஆ என்னும் ஆறுதல் தொகை, இத்தா காலச் செலவு, சேர்ந்து தேடிய சொத்தில் பங்கு, பிள்ளைகளின் பொறுப்பு ஆகியவற்றை அந்தக் கோர்ட்டே தீர்க்கிறது. 2008-இல் நிக்காஹின் குறைந்த வயதையும் பதினாறிலிருந்து பதினெட்டாக உயர்த்தினார்கள்.

மலேசியாவில் 1984-ஆம் வருஷத்துக் கூட்டரசுப் பிரதேச இஸ்லாமியக் குடும்பச் சட்டப்படி, கோர்ட்டின் அனுமதியில்லாமல் வெளியே தலாக் சொல்வது குற்றம். ஆயிரம் ரிங்கிட் வரை அபராதமோ ஆறு மாதம் வரை சிறையோ இரண்டுமோ கிடைக்கும். கணவன் மூன்று மாதம் செலவு கொடாவிட்டால் அல்லது ஒரு வருஷத்துக்கு மேல் இருப்பிடம் தெரியாவிட்டால் மனைவி பஸ்ஹு கேட்கலாம். ஊரிலிருக்கும் மனைவிக்கு இரண்டு வருஷமும் நான்கு வருஷமும். கோலாலம்பூரில் இருக்கும் மனைவிக்கு மூன்று மாதமும் ஒரு வருஷமும். ஒரே கணவன்! இரண்டாம் நிக்காஹுக்கும் அங்கே கோர்ட்டின் அனுமதி வேண்டும். 1990-இல் சிலாங்கூரில் ஒருவருக்குக் கீழ்க்கோர்ட்டு கொடுத்த அனுமதியை மேல்முறையீட்டில் மறுத்தார்கள். வசதி இருக்கிறது என்பது மட்டும் போதாது, நியாயமும் அவசியமும் வேண்டும் என்பது சாரம். ஆனால் ஒன்று. இங்கே கெடுபிடி என்று அக்கரை போய் நிக்காஹ் முடித்துக் கொண்டு வருபவர்கள் இருக்கிறார்கள். எல்லைச் சாவடியில் பாஸ்போர்ட்டைத்தான் பார்ப்பார்கள், நெஞ்சையல்ல.

இனி, இந்தியாவில் சமீபத்தில் நடந்தவற்றுக்கு வருவோம். ஊரில் குடும்பத்தை வைத்திருப்பவர்கள் கவனமாகப் படிக்க வேண்டும். 2017 ஆகஸ்டு 22-ஆம் தேதி, ஷாயரா பானு என்ற பெண்ணின் வழக்கில், ஒரே மூச்சில் சொல்லும் முத்தலாக் செல்லாது என்று இந்திய உச்ச நீதிமன்றம் மூன்றுக்கு இரண்டு என்ற கணக்கில் தீர்ப்பளித்தது. 2019-இல் அதைக் குற்றமாக்கி, மூன்று வருஷம் வரை சிறை என்று சட்டம் வந்தது. வாயால் சொன்னாலும், கடிதத்தில் எழுதினாலும், கைப்பேசியில் அனுப்பினாலும் ஒன்றே. ஆக, இங்கிருந்து ஒரு வாட்ஸ்அப் செய்தியால் கணக்கை முடித்துவிடலாம் என்று நினைப்பவர் ஊர் போய் இறங்கியதும் வழக்கில் நிற்க நேரலாம். அதற்கு முன் 2017 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றமும், காஜிகள் தரும் தலாக் சான்றிதழ் வெறும் அபிப்பிராயமே, கோர்ட்டுகளைக் கட்டுப்படுத்தாது என்று சொல்லிவிட்டது.

இந்தச் சட்டத்தைப் பற்றி நம் எண்ணத்தை ஒளிக்காமல் சொல்கிறோம். கணவனைச் சிறையில் போட்டுவிட்டு, மனைவி மக்களுக்குச் செலவுப் பணமும் அவனே கொடுக்க வேண்டும் என்று அதே சட்டம் சொல்கிறது. சிறையிலிருப்பவன் எதை எடுத்துக் கொடுப்பான்? கடையைப் பூட்டி முத்திரை வைத்துவிட்டு வாடகை கேட்பது போல் இருக்கிறது. இன்னொன்று, மூன்று தலாக் சொன்னவன்தான் குற்றவாளி. ஒரு வார்த்தையும் சொல்லாமல் பத்து வருஷம் திரும்பிப் பாராதவன் இந்தச் சட்டத்தில் அகப்பட மாட்டான். சொன்னால் சிறை என்று பயந்து, சொல்லாமலே ஓடிப்போகிறவன் மனைவிதான் நாம் மேலே பார்த்த முஅல்லகா. ஆயினும், வெளியார் நம் வீட்டுக்குள் வந்து கைவைத்துவிட்டார்கள் என்று புகார் சொல்லுமுன், ஒன்றை நினைக்க வேண்டும். ஒரே நேரத்தில் மூன்று தலாக் சொன்ன ஒருவரைப் பற்றிக் கேள்விப்பட்டு, நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் கோபத்தோடு எழுந்து, தாம் உயிரோடிருக்கும்போதே வேதம் விளையாட்டாக்கப்படுகிறதா என்ற கருத்தில் கடிந்தார்கள் என்று ஹதீஸ் இருக்கிறது. நம் மஹல்லாக்களில் அப்படிச் சொன்னவனை எழுந்து நின்று கடிந்தவர் எத்தனை பேர்? தாள் வாங்கி எழுதிக் கொடுத்தவர்கள் அல்லவா அதிகம்.

ஜீவனாம்ச விஷயமும் இப்படியே. 1985-இல் ஷா பானு என்ற முதிய அம்மாளின் வழக்கில் தீர்ப்பு வந்தபோது நம் சமுதாயமே கிளர்ந்தது. 1986-இல் தனிச்சட்டம் வந்தது. இத்தா முடிவதற்குள் நியாயமான தொகையைக் கணவன் கொடுத்தாக வேண்டும், அது அவளது வருங்காலத்துக்கும் போதுமானதாக இருக்க வேண்டும் என்று 2001-இல் உச்ச நீதிமன்றம் அதற்குப் பொருள் சொல்லிற்று. 2024 ஜூலை 10-ஆம் தேதித் தீர்ப்பில், பொதுச் சட்டப்படியும் அவள் ஜீவனாம்சம் கேட்கலாம் என்றது. இத்தாவுக்குப் பின் அந்நியன், எப்படிக் கொடுப்பது என்று கேட்போர், அல்பகராவின் 241-ஆம் ஆயத்தை ஓதிப் பார்க்கட்டும். தலாக் சொல்லப்பட்ட பெண்களுக்கு முறைப்படி வசதி செய்து கொடுப்பதை இறைவன் பயபக்தியுடையோரின் கடமையாக்குகிறான். கடையில் பத்து வருஷம் உழைத்த ஆளை அனுப்பும்போது கையில் ஏதாவது கொடுத்துத்தானே அனுப்புகிறோம்?

பெண்ணுக்கும் வாய் உண்டென்று நம் மார்க்கம் அறியும். தாபித் இப்னு கைஸ் (ரலி) அவர்களின் மனைவி, கணவரின் குணத்திலும் தீனிலும் குறை சொல்ல மாட்டேன், ஆனால் அவரோடு வாழ இயலாது என்று நபிகள் (ஸல்) அவர்களிடமே வந்து சொன்னார். மஹராக வாங்கிய தோட்டத்தைத் திருப்பிக் கொடுப்பாயா என்று கேட்டார்கள். சரி என்றதும், தோட்டத்தை வாங்கிக் கொண்டு விட்டுவிடும்படி கணவருக்குச் சொன்னார்கள். விஷயம் முடிந்தது. அந்தப் பெண்ணை எவரும் அடங்காதவள் என்று ஏசவில்லை. இன்று ஒரு பெண் குல்உ கேட்டால் எத்தனை வருஷம் இழுக்கிறோம்!

மஹர் என்றதும் மற்றொரு கசப்பு. ஒரு தோட்டமே மஹரானதை மேலே சொன்னோம். நம்மவர் சிலர் தப்தரில் ஒரு சிறு தொகையை மஹராக எழுதிவிட்டு, பின்வாசல் வழியாகக் கைக்கூலி என்று லட்சக்கணக்கில் வாங்குகிறார்கள். கொடுக்க வேண்டியவன் வாங்குகிறான். இப்படித் தலைகீழான ஐந்தொகையை எந்தக் கடையில் ஒப்புக் கொள்வோம்? மஹர் மனைவிக்குச் சேர வேண்டிய கடன். கொடாமல் மவுத்தானால், வாரிசுகள் பங்கு பிரிக்குமுன் அதைத் தீர்க்க வேண்டும். பெண்பிள்ளைகளின் பாகமும் இப்படியே. வழக்கம் என்ற பெயரில் அதை விழுங்கியதைத் தடுக்கத்தான் 1937-இல் ஷரீஅத் சட்டம் வந்தது. அதிலும் விவசாய நிலம் விடுபட்டிருந்தது. சென்னை மாகாணத்தில் 1949-இல் திருத்தம் செய்து நிலத்தையும் சேர்த்தார்கள். அப்படியிருந்தும், லாத்தாவுக்குக் கல்யாணச் செலவு செய்தாயிற்று என்று சொல்லித் தோப்பைத் தம்பிகள் எழுதிக் கொள்வது நின்றபாடில்லை.

நிற்க. ஊரில் குடும்பத்தை வைத்துவிட்டு இங்கே தொழில் செய்யும் அங்கத்தினர்கள் இன்றும் நம்மில் உண்டு. விமானத்தில் நான்கு மணி நேரத்தில் போய்விடலாம் என்ற காலத்தில், நான்கு மாதக் கெடுவைப் பேணுவது பாட்டனார் காலத்தைப் போல் கஷ்டமல்ல. போகும்போது நிக்காஹ் தப்தரின் நகல் ஒன்றை எடுத்து மனைவியின் கையில் கொடுங்கள். மஹர் பாக்கி இருந்தால் எவ்வளவு என்று எழுதிக் கையெழுத்துப் போடுங்கள். செலவுப் பணத்தைத் தம்பி பெயரிலும் மச்சான் பெயரிலும் அனுப்பாமல் அவள் பெயரில் பேங்குக் கணக்கு திறந்து அதில் கட்டுங்கள். இங்கே கடை எங்கே, தங்குமிடம் எங்கே, பங்காளி யார் என்பது அவளுக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

சென்ற கூட்டத்தில், அங்கத்தினர் ஒவ்வொருவரும் ஊரிலுள்ள மனைவியின் பெயரையும் விலாசத்தையும் சங்கத்தில் பதிந்து வைக்க வேண்டும் என்றும், செலவு வரவில்லை என்று அப்பெண் எழுதினால் சங்கம் விசாரிக்க வேண்டும் என்றும் நாம் பேசினோம். வீட்டு விஷயம் வெளியே போவதா என்று சிலர் முகத்தைச் சுளித்தார்கள். பதினோரு பேர் அன்றே எழுதிக் கொடுத்தார்கள். அந்தப் பதிவுப் புத்தகம் இப்போது செயலாளரின் மேஜையில் இருக்கிறது. அஸருக்குப் பிறகு மஃரிபு வரையில் அவர் இருப்பார்.

வஸ்ஸலாம்.